காதோர வீக்கத்துக்கு மூன்று பெயர்

ஜுமாடி வாய் திறந்து பேசியதைவிட வாயில் விசிலோடு நின்றதுதான் அதிகம். சுரபாயாவில் எங்கள் சந்தை வாசலில் வண்டிகளை நிறுத்த இடம் காட்டுவதும், கிளம்பும்போது பின்னால் பார்த்து வெளியே எடுத்துவிடுவதும் அவர் வேலை. விட்டுவிட்டு ஊதினால் வரலாம், நீட்டி ஊதினால் நில். இதற்கு மேல் எந்த லாரி டிரைவரோடும் அவருக்குப் பேச்சு வேண்டியிருக்கவில்லை. யாராவது சண்டைக்கு வந்தால் விசிலை எடுக்காமலே அந்த ஆளைப் பார்த்துக்கொண்டு நிற்பார். கோபம் ஏற ஏறச் சத்தம் குறைகிற ரகம். அது தெரியாதவர்கள் அவரைச் சாது என்பார்கள்.

வாசலை ஒட்டிய மரத்தடியில் என் கடிகார ரிப்பேர் மேசை. பக்கத்தில் மத்சாலியின் முடிவெட்டும் நாற்காலி. மத்சாலி மதுரா தீவுக்காரர், வாய் ஓயாது. சந்தையில் எல்லோருக்கும் ஜுமாடி சாக், அதாவது அண்ணன். ஜுமாடியின் கிருதாவைச் சரிசெய்துகொண்டிருந்த ஒரு காலையில் கத்தி பாதியில் நின்றது.

"சாக், இங்க என்ன உருண்டையா இருக்கு?"

"எங்க?"

"காது மடலுக்குக் கீழ. புளியங்கொட்டை சைஸுல."

"வலிக்கல."

"வலிக்குதான்னு நான் கேக்கலையே."

ஜுமாடி தானும் தொட்டுப் பார்த்துவிட்டு எழுந்து போய்விட்டார். புளியங்கொட்டை நாவல்பழமானது. பிறகு ஒரு சின்ன எலுமிச்சை அளவுக்கு வந்தது. அதற்குள் சில வருடங்கள் போய்விட்டன. வலது காதுமடலைக் கீழிருந்து யாரோ விரலால் தூக்கிப் பிடித்த மாதிரி இருக்கும்.

அதற்கு என்ன பெயர் என்பதில்தான் முதலில் தகராறு. மத்சாலி அதைக் கொண்டோங் என்றார். பொன்னுக்கு வீங்கி, பிள்ளைகளுக்குக் கன்னம் உப்புமே, அது. ஜுமாடியின் மனைவி சுலஸ்மி அதைக் கொண்டோக் என்றாள். கழுத்தின் முன்னால் தொங்குகிற கழலை. அவள் பிறந்தது திரெங்காலெக் பக்கத்து மலைக் கிராமம். அங்கே அவள் அம்மாவுக்கு இருந்தது, அத்தைக்கு இருந்தது, தெருவில் பாதிப் பேருக்கு இருந்தது. தாடைக்குக் கீழே எது வீங்கினாலும் அவளுக்கு அது கொண்டோக்தான். கடைசி எழுத்தில் ஒரு க், ஒரு ங். அவ்வளவுதான் வித்தியாசம். பேச்சு வேகத்தில் அதுவும் காணாமல் போகும்.

பெயர் எதுவானாலும் முதல் வைத்தியத்தில் எல்லோருக்கும் ஒரே கருத்து. துணிக்குப் போடும் நீலத்தைக் காடியில் குழைத்துக் கன்னத்தில் பூசு. ஜுமாடி பூசிக்கொண்டார். ஆரஞ்சு மேல்சட்டை, வெள்ளை விசில், நீலக் கன்னம். சந்தையே திரும்பிப் பார்த்தது.

"என்ன சாக், பாதி முகத்தத் தொவச்சுட்டு மீதிய மறந்துட்டாங்களா?" என்றாள் டூரியான் பழம் விற்கிறவள்.

"அது நீலம் போட்டெல்லாம் போகாது," என்றார் மத்சாலி. "இத்தன வருசமா விசில் ஊதுறான். வெளிய போற காத்துல பாதி உள்ள போயிருச்சு. ஒரு ஊசிய விட்டா புஸ்ஸுன்னு எறங்கிடும்."

ஜுமாடி இருவரையும் பார்த்து நீளமாக ஒரு விசில் கொடுத்துவிட்டு வேலையைக் கவனித்தார்.

அவர் மகள் வினார்த்தியைப் பற்றி இங்கே சொல்ல வேண்டும். ஒரே பெண். ஜகார்த்தாவை அடுத்த தாங்கெராங்கில் செருப்புத் தொழிற்சாலையில் வேலை. அங்கே ஷாஃப்ரில் என்ற, சுமத்ராத் தீவின் பாடாங் ஊர்ப் பையனைப் பிடித்துப்போய், கல்யாணம் செய்து வைக்கும்படி அப்பாவுக்குச் சொல்லியனுப்பினாள். ஜுமாடி வேண்டாம் என்று சொல்லவில்லை. பதிலே சொல்லவில்லை. அவள் மறுபடி கேட்டாள், மறுபடியும் பதில் இல்லை. எங்கள் முஸ்லிம் முறையில் பெண்ணைக் கைப்பிடித்துக் கொடுக்க வேண்டியது அப்பா. அவர் மாட்டேன் என்று உட்கார்ந்துவிட்டால், விசாரித்துப் பார்த்து அந்த இடத்தில் ஓர் அதிகாரி உட்காரச் சட்டம் உண்டு. வினார்த்தி அப்படித்தான் செய்தாள். அப்பா உயிரோடிருக்க, முன்பின் தெரியாத ஓர் ஆள் அவள் கையைப் பிடித்துக் கொடுத்தார். அதன் பிறகு அவள் ஊருக்கு வரவில்லை. ஜுமாடியும் அவள் பெயரை எடுக்கவில்லை.

வீக்கம் எலுமிச்சையானதும் சுலஸ்மிக்குப் பயம் வந்துவிட்டது. நோன்புப் பெருநாளுக்கு மகள் வந்தால் நல்லது என்று நினைத்தாள். சந்தைக்கு எதிரே இருந்த டெலிபோன் கடைக்குப் போய், வினார்த்தி குடியிருந்த சந்தின் முனையில் இருக்கிற மளிகைக்கடைக்குப் போன் போட்டாள். வினார்த்தி வேலைக்குப் போயிருந்தாள். கடைக்கார அம்மாளிடம் சுலஸ்மி சேதி சொல்லிவிட்டு வைத்தாள்: "அவ அப்பாவுக்குக் கொண்டோக்கு. நாளுக்கு நாள் பெருசாகிட்டே போவுது. பெருநாளைக்கு வந்து ஒரு எட்டு பாத்துட்டுப் போவச் சொல்லுங்க."

ஜகார்த்தாக்காரர்கள் வாயில் கொண்டோக் என்பதற்கு இன்னோர் அர்த்தம் உண்டு. தொண்டையில் அடைத்துக்கொண்டு நிற்கிற கோபம், விழுங்கவும் முடியாமல் துப்பவும் முடியாமல் இருக்குமே, அது. கடைக்கார அம்மாள் ஜகார்த்தாவிலேயே பிறந்து வளர்ந்தவள். சாயங்காலம் வினார்த்தியிடம் சேதியைத் தன் பாணியில் சொன்னாள்.

"உங்கப்பா பயங்கர கடுப்புல இருக்காராம். நாளாக நாளாக ஏறிக்கிட்டே போகுதாம். வந்து மூஞ்சியக் காட்டிட்டுப் போன்னு உங்கம்மா சொல்றாங்க."

"இன்னுமா?" என்றாளாம் வினார்த்தி.

அவள் வரவில்லை. பெருநாளன்று ஜுமாடி புதுச் சட்டை போட்டுக்கொண்டு, வந்தவர்களோடெல்லாம் கைகுலுக்கி மன்னிப்புக் கேட்டு, மன்னிப்புக் கொடுத்து, சாயங்காலம் வரை முன்னறையில் உட்கார்ந்திருந்தார். யாரை எதிர்பார்க்கிறார் என்று சுலஸ்மி கேட்கவில்லை. விடுமுறை முடியும் முன்பே சந்தை வாசலுக்கு வந்துவிட்டார். கடைகள் பாதி திறக்கவில்லை, நிறுத்த வண்டிகளும் இல்லை.

சுலஸ்மியின் சொல்லைக் கேட்டு அவரும் அதைக் கொண்டோக் என்றே சொல்லப் பழகியிருந்தார். அந்தச் சொல்லோடுதான் பக்கத்துச் சுகாதார நிலையத்துக்குப் போனார். ஊசி போடுகிறவருக்கு அன்று கூட்டம் அதிகம். தலை நிமிராமல் "கொண்டோக்கா? அயோடின் உப்பு சாப்பிடுங்க" என்று அனுப்பிவிட்டார். ஜுமாடி ஒழுங்கானவர். சொன்ன உப்பை வாங்கி மாதக்கணக்கில் சாப்பிட்டார். எலுமிச்சை அப்படியே இருந்தது, கொஞ்சம் கூடவும் செய்தது.

பெரிய ஆஸ்பத்திரிக்குப் போகவைத்தது மத்சாலிதான். "எத்தன நாளைக்குத்தான் நான் சுத்திச் சுத்திச் செரைக்கிறது? இனி கத்தி வைக்க எடமில்ல. போய்க் காட்டு." சுலஸ்மியும் கூடப் போனாள். அங்கே பதிவு ஜன்னலில் என்ன வியாதி என்று கேட்டார்கள். கொண்டோக் என்றார். கழுத்துக் கழலைக்காரர்களின் வரிசையில் உட்கார வைத்தார்கள். முறை வந்ததும் வயதான ஒரு டாக்டர் அவர் தொண்டையில் விரல்களை வைத்தார்.

"எச்சி முழுங்குங்க."

ஜுமாடி முழுங்கினார்.

"இன்னொரு தடவ." டாக்டர் கையை எடுத்துவிட்டு இப்போதுதான் முகத்தைப் பார்த்தார். "கழலைன்னா முழுங்கும்போது மேல ஏறி எறங்கணும். உங்க தொண்ட சுத்தமா இருக்கு. வீக்கம் காதுகிட்ட இருக்கு. இத யாரு கொண்டோக்னு சொன்னது?"

"எல்லாரும் சொன்னாங்க, டாக்டர் ஐயா."

"நீங்க?"

"நானும்தான்."

அவர் இன்னொரு கட்டிடத்துக்கு அனுப்பினார். அங்கே ஹெரவாத்தி என்ற பெண் டாக்டர். அறுவைச் சிகிச்சை செய்பவர், கொஞ்சம் இளவயது. வீக்கத்தை அழுத்திப் பார்த்தார், வாய்க்குள் கன்னத்தின் உட்பக்கத்தை விளக்கடித்துப் பார்த்தார். என்ன தொழில் என்று கேட்டார். விசில் என்றதும் மறுபடி அழுத்தினார்.

"எதுக்குக் கேக்குறேன்னா, எக்காளம் ஊதுறவங்க, கண்ணாடி ஊதுறவங்க சில பேருக்குக் காத்து உள்ள போய் இதே எடம் வீங்கும். அழுத்தினா நொறநொறன்னு இருக்கும். உங்களுது கெட்டியா இருக்கு. காத்து இல்ல."

மத்சாலி சொன்னது முழுக்க உளறல் இல்லை என்பதில் ஜுமாடிக்கு வருத்தம்தான். சந்தைக்குத் திரும்பினாலும் அதை அவரிடம் சொல்லக்கூடாது என்று முடிவு செய்துகொண்டார். சுலஸ்மி சொல்லிவிட்டாள்.

"அப்போ இது கொண்டோங்கா?" என்று டாக்டரிடம் கேட்டார் ஜுமாடி.

"அதுவும் இல்ல. கொண்டோங்குங்கிறது ஒட்டுவாரொட்டிக் காய்ச்சல். வரும், போயிடும். ஆனா அது வர்ற எடம் இதேதான். எச்சி சுரக்கிற சுரப்பி. அதுக்குப் பேரு பாரோட்டிஸ். அதுல ஒரு கட்டி."

"பாரோட்டிஸ்." ஜுமாடி ஒருமுறை சொல்லிப் பார்த்தார். "அப்படின்னா என்ன அர்த்தம், டாக்டரம்மா?"

"காதுக்குப் பக்கம்னு அர்த்தம். பழைய கிரேக்கச் சொல்லு."

"அவ்வளவுதானா?"

"அவ்வளவுதான்."

"பள்ளிவாசல் பக்கத்து வீடுன்னு சொல்ற மாதிரி."

டாக்டர் சிரித்தார். "அதே மாதிரிதான். அந்தக் காலத்துல காதோரம் வர்ற வீக்கத்துக்கே இந்தப் பேரத்தான் வச்சிருந்தாங்க. உள்ள சுரப்பி ஒண்ணு இருக்குன்னு அப்புறமாத்தான் தெளிவா தெரிஞ்சுது. அதுக்கும் அதே பேரக் குடுத்துட்டாங்க. உங்கள மட்டும் இல்ல, பேரு எல்லாரையும்தான் கொழப்பியிருக்கு."

பிறகு சிரிப்பை விட்டுவிட்டு விஷயத்துக்கு வந்தார். கட்டி இப்போதைக்குக் கெட்டதாகத் தெரியவில்லை. விட்டுவைத்தால் என்றைக்காவது கெட்டதாக மாறலாம். எடுப்பதுதான் நல்லது. ஆனால் முகத்தை அசைக்கிற நரம்பு அந்தச் சுரப்பிக்குள் நுழைந்துதான் போகிறது. நுழைந்ததும் விரித்த கைவிரல்கள் மாதிரிப் பிரிகிறது. ஒரு விரல் நெற்றிக்கு, ஒன்று கண்ணுக்கு, ஒன்று உதட்டுக்கு. விரல்களை வெட்டாமல் அவற்றுக்கு நடுவிலிருந்து கட்டியை எடுக்க வேண்டும். வெட்டாவிட்டாலும் அவை கொஞ்ச நாள் மரத்துப்போகலாம்.

"மரத்துப்போனா?"

"வாய் ஒரு பக்கம் கோணும். கண்ணு சரியா மூடாது."

"விசில் ஊத முடியுமா?"

"அந்தச் சமயத்துல முடியாது. அப்புறம் வந்துடும்னு நெனக்கிறேன். சத்தியம் பண்ணித் தர முடியாது, ஐயா."

ஜுமாடி கழுத்தில் தொங்கிய விசிலைக் கழற்றிச் சட்டைப்பையில் போட்டார் என்று சுலஸ்மி சொன்னாள். கடைசியில், "எடுத்துடுங்க. உப்புக்கு ஒண்ணும் கேக்கல" என்றார்.

அன்று மாலையே சுலஸ்மி டெலிபோன் கடைக்குப் போனாள். இந்த முறை புதுச் சொல்லைப் போகிற வழியெல்லாம் முணுமுணுத்துக்கொண்டே போனாள். மளிகைக்கடை அம்மாள்தான் எடுத்தாள்.

"அவ அப்பாவுக்குப் பாரோட்டிஸு. ஆபரேஷன் பண்ணணும்னு சொல்லிடுங்க."

"பாரோ… என்னது?"

"பாரோட்டிஸ்."

"எனக்கு இதெல்லாம் சொல்லத் தெரியாதும்மா. தப்பாச் சொல்லி ஏதாவது ஆயிடப்போவுது. லைன்லயே இருங்க, அவளையே கூப்பிடுறேன்."

அந்தச் சொல்லுக்கு ஜகார்த்தாவில் வேறு அர்த்தம் எதுவும் இல்லை. உண்மையில் எந்த அர்த்தமும் இல்லை. அதனால்தான் இரண்டு வருடம் கழித்து அம்மாவும் மகளும் நேராகப் பேசினார்கள். வினார்த்தி மூச்சு வாங்க ஓடிவந்தாள்.

"அம்மா, அப்பாவுக்கு என்ன?"

"காதுகிட்ட வீங்கியிருக்குடி. அதத்தான் போன தடவையே சொல்லி விட்டேனே, நீதான் வரல."

"என்ன சொல்லி விட்ட? அப்பா கொண்டோக்னு சொன்ன."

"ஆமா, கொண்டோக்குன்னுதான் நெனச்சோம். இப்ப அது இல்லியாம்."

போன் கடைக்காரன் மீட்டரைப் பார்த்தான்.

"எம்மேல கோவமா இருக்காருன்னு நெனச்சேம்மா."

"கோவமா? நான் கழுத்துக் கட்டியத்தானடி சொன்னேன்," என்ற சுலஸ்மிக்கு அப்போதுதான் புரிந்தது. கடைக்கு வெளியே வந்து என் மேசை ஓரத்தில் உட்கார்ந்து தண்ணீர் கேட்டாள். நடந்ததைச் சொன்னாள். மத்சாலி கத்தியை வைத்துவிட்டு அவளுக்கு டீ வாங்கி வந்தார்.

வினார்த்தி அறுவைச் சிகிச்சைக்கு முதல் நாள் ரயிலில் வந்து இறங்கினாள். கூடவே ஷாஃப்ரில். ஒல்லியான பையன், மாமனாருக்கு முன்னால் எங்கே கையை வைப்பதென்று தெரியாமல் நின்றான். ஜுமாடி கட்டிலில் இருந்தார். இருவரும் குனிந்து அவர் கையை நெற்றியில் ஒற்றிக்கொண்டார்கள். "சாப்பிட்டீங்களா?" என்று மட்டும் கேட்டார்.

அறுவை நன்றாகவே முடிந்தது. கட்டி முழுசாக வந்துவிட்டது, சோதித்துப் பார்த்ததில் கெட்டதும் இல்லை. ஆனால் டாக்டர் சொன்ன மாதிரியே ஆனது. காதுக்கு முன்னாலிருந்து தாடையடி வரை தையல், முகத்தின் வலது பாதி தளர்ந்துபோய் அசையவில்லை. கண் பாதி திறந்தே கிடந்தது. தூங்கும்போது சுலஸ்மி அதை ஒட்டுப்பட்டையால் மூடிவிட்டாள். தண்ணீர் குடித்தால் ஒரு பக்கம் வழிந்தது.

வினார்த்திக்கு அந்த முகத்தைப் படிக்கத் தெரியவில்லை. ஏற்கெனவே பேசாத மனிதர். இப்போது முகமும் பேசவில்லை. இரண்டு நாள் கஞ்சி ஊட்டி, துணி மாற்றி, ஒரு மதியம் பொறுக்காமல் கேட்டேவிட்டாள். சுலஸ்மியும் ஷாஃப்ரிலும் பக்கத்திலேயே இருந்தார்கள்.

"அப்பா, போன்ல சொன்னத நான் தப்பாப் புரிஞ்சுக்கிட்டேன். நீங்க கோவமா இருக்கீங்கன்னு…"

"தப்பில்ல," என்றார் ஜுமாடி. வாய் கோணி இருந்ததால் சொல் குழறியது. அதனால் இன்னும் மெதுவாக, ஒவ்வொன்றாகச் சொன்னார். "கோவமாத்தான் இருந்தேன். யாரோ ஒருத்தன் என் எடத்துல ஒக்காந்து உன் கையப் புடிச்சுக் குடுத்தான். நான் செத்தாப் போயிட்டேன்?"

"ரெண்டு தடவ சொல்லி விட்டேனே. நீங்கதான் பதிலே சொல்லல."

"சொல்லல."

"ஏன்?"

"வேணாம்னு சொல்ல வாய் வரல. சரின்னு சொல்லவும் வரல."

பக்கத்துக் கட்டில்காரர் வானொலியின் சத்தத்தைக் குறைத்தார், ஒட்டுக் கேட்கத்தான். ஷாஃப்ரில் ஒரு அடி முன்னால் வந்தான்.

"அப்பா, அன்னிக்கு நான் நேர்ல வந்து கேட்டிருக்கணும். பயமா இருந்துச்சு."

ஜுமாடி நன்றாக இருந்த இடது கண்ணால் அவனைப் பார்த்தார். "இப்ப இந்த மூஞ்சியப் பாத்தா இன்னும் பயமா இருக்குமே."

முதலில் சிரித்தது சுலஸ்மிதான். ஜுமாடியின் வாயில் இடது ஓரம் மட்டும் மேலே போனது. அது சிரிப்புத்தான் என்று வினார்த்திக்குத் தெரிய ஒரு நொடி ஆனது. கோபம் அன்றோடு போய்விட்டது என்று நான் சொல்லமாட்டேன். அந்த அதிகாரியைப் பற்றிய பேச்சு பிறகும் சில பெருநாள்களில் எழுந்தது, எழும்போதெல்லாம் சாப்பாடு ஆறியது. ஆனால் அதற்கப்புறம் அவள் எல்லாப் பெருநாளுக்கும் வந்தாள்.

சந்தைக்குத் திரும்பியபோது அவர் வரிசையில் வேறொருவன் விசிலோடு நின்றான். ஜுமாடிக்குப் பின்பக்கத்து மோட்டார் சைக்கிள்களை நிறுத்துகிற வேலையைக் கொடுத்தார்கள். விசிலை வாயில் வைத்தால் வலது ஓரத்தில் காற்றும் எச்சிலும் சேர்ந்து ஒழுகின. கையைத் தட்டிப் பார்த்தார், யாரும் திரும்பவில்லை. வேறு வழியில்லாமல் வாயைத் திறந்தார். "வா, வா, இன்னும் வா. எடது. எடதுன்னேன்." குழறலான அந்தக் குரலை நாங்கள் அத்தனை வருடத்தில் அவ்வளவு சேர்த்துக் கேட்டதே இல்லை. மத்சாலி, "சாக், டாக்டரம்மா எதையோ எடுத்துட்டு ஒரு ரேடியோவ வச்சுத் தச்சுட்டாங்க போல" என்றார். "அத உன் வாய்லேர்ந்துதான் எடுத்தாங்க, ஒனக்கு இன்னும் மிச்சமிருக்கு" என்று பதில் வந்தது. மத்சாலி அசந்துபோனார்.

மாம்பழம் வரத் தொடங்கிய காலத்தில் கண் மூட ஆரம்பித்தது. அது முடிவதற்குள் உதடும் வந்துவிட்டது. ஓரம் லேசாகத் தாழ்ந்திருக்கும், தெரிந்தவர்களுக்கு மட்டும் தெரியும். விசில் சத்தம் வந்தது. பழைய வரிசையைத் திருப்பித் தருவதாகச் சொன்னார்கள். அங்கே நிற்கிறவனுக்கு இரண்டு சின்னப் பிள்ளைகள் என்று சொல்லிப் பின்பக்கத்திலேயே இருந்துவிட்டார்.

அதற்கப்புறம்தான் வியர்வை வந்தது. ருஜாக் என்கிற பழக்கலவை சாப்பிடும்போதெல்லாம், புளியும் வெல்லமும் நாக்கில் பட்டவுடனே, வலது காதுக்கு முன்னால் மட்டும் குப்பென்று வியர்த்து வழியும். மற்ற இடம் காய்ந்திருக்கும். பயந்துபோய் ஹெரவாத்தியிடம் போனார். டாக்டர் சுலபமாகச் சொன்னார்: எச்சிலைச் சுரக்கச் சொல்லி வருகிற நரம்புகள் அங்கே சுரப்பியைக் காணாமல் தேடியிருக்கின்றன, பக்கத்தில் இருந்த வியர்வைச் சுரப்பிகளில் போய் ஒட்டிக்கொண்டுவிட்டன. ஆபத்து இல்லை. துண்டு வைத்துக்கொள்ளுங்கள்.

பேரன் பிறந்ததற்கு ஷாஃப்ரிலின் ஊரில் விருந்து வைத்தார்கள். ஜுமாடியும் சுலஸ்மியும் முதன்முறையாகக் கடல் தாண்டிச் சுமத்ராவுக்குப் போனார்கள். சம்பந்தியம்மாள் சிவக்கச் சிவக்கப் புளிக்குழம்பில் மீன் வைத்திருந்தாள். சட்டியைத் திறந்து வாசனை வந்ததுமே ஜுமாடிக்குக் கன்னம் நனைந்துவிட்டது.

"ஐயோ, காரம் அதிகமாப் போச்சா?" என்றாள் சம்பந்தியம்மாள். "இன்னும் வாயிலயே வைக்கலியே."

"காரம் இல்லம்மா. மத்தவங்களுக்கு வாயில ஊறும். எனக்குக் கன்னத்துல ஊறுது."

அந்தம்மாள் அவரை நம்பாமல் சுலஸ்மியைப் பார்த்தாள். சுலஸ்மி, "நெசந்தான் சம்பந்தி. இவருக்குச் சமையல் புடிச்சிருக்கான்னு நான் கேக்கவே தேவையில்ல, கன்னத்தப் பாத்தாப் போதும்" என்றாள். சம்பந்தியம்மாள் சிரித்துக்கொண்டே பெரிய மீன் தலையாகப் பார்த்து எடுத்து அவர் தட்டில் வைத்தாள். ஜுமாடி தோளில் கிடந்த துண்டால் துடைத்துத் துடைத்து, முழுவதையும் சாப்பிட்டு முடித்தார்.